போட்டாதாங்கின் செர்பிய மாப்பிள்ளை

வெள்ளிக்கிழமை, பகல் 12.40. யாங்கோனில் விமானத்தை விட்டு இறங்கும்போதே மழை. என் கடிகாரம் 11.40 காட்டியது, பர்மா நம்மைவிட ஒரு மணி நேரம் முந்தி ஓடுகிறது. விருதுநகரில் எனக்கு உளுந்து வியாபாரம். இன்று காலை நீங்கள் சாப்பிட்ட இட்லியில் பர்மா உளுந்து இருக்க நிறையவே வாய்ப்பு உண்டு. கடைக்காரர் சொல்லமாட்டார், நான் சொல்கிறேன். வருஷத்துக்கு ஒரு தடவை சரக்குப் பார்க்க இங்கே வருவேன். இந்தத் தடவை ஒரு வாரம் தள்ளி வந்ததற்குக் காரணம் உளுந்து இல்லை, கால்பந்து. என் மனைவிக்கு இதைப் படித்துத்தான் விஷயம் தெரியப்போகிறது.

நகரத்துக்குள் பதினைந்து கிலோமீட்டர். டாக்சிக்கு முப்பதாயிரம் க்யாட் சொன்னார்கள். பழைய ஜப்பான் வண்டி; ஸ்டியரிங் வலது பக்கம், வண்டி ஓடுவதும் சாலையின் வலது பக்கம். அதனால் முன்னால் போகிற லாரியை முந்த வேண்டுமென்றால், இடப்பக்கம் உட்கார்ந்திருக்கும் பயணிதான் எட்டிப் பார்த்துச் சொல்ல வேண்டும். ஓட்டுநர் புருவத்தை உயர்த்துவார், நான் தலையாட்டுவேன், வண்டி பாயும். போட்டாதாங் வந்து சேர்வதற்குள் பாதி வண்டியை நான்தான் ஓட்டியிருந்தேன்.

போட்டாதாங் ஆற்றங்கரைப் பகுதி. படகுத்துறை, கிட்டங்கிகள், லாரிகள். உளுந்துத் தரகர் மணி அங்கே ஒரு மாடிக் கட்டடத்தின் நாலாம் தளத்தில் இருக்கிறார். இந்த ஊர் மாடி வீடுகளில் பால்கனியிலிருந்து தெருவரைக்கும் ஒரு கயிறு தொங்கும். கீழே நின்று இழுத்தால் மேலே மணி அடிக்கும். இழுத்தேன். மணியின் தலை எட்டிப் பார்த்தது.

"வாங்க அண்ணாச்சி! மழையையும் கூட்டிக்கிட்டுல்ல வந்துட்டீங்க! ஞாயித்துக்கெழமைக்குள்ள கிரவுண்டு காயணும்னு வீட்டோட சாமி கும்பிட்டுக்கிட்டு இருக்கோம்."

சாமி கும்பிட்டது மாப்பிள்ளைக்காக. மணியின் தங்கை கலாவைக் கட்டியிருப்பவர் ராடோவான். செர்பியா நாட்டுக்காரர், முப்பத்தாறு வயது, தொழில் கால்பந்து. இரண்டு வருஷமாக யாங்கோன் கிளப் ஒன்றில் நடுக்கள ஆட்டக்காரர். கலா பிசியோதெரபிஸ்ட். இவர் முழங்காலைக் காட்ட கலாவின் ஆஸ்பத்திரிக்குப் போனதில் ஆரம்பித்த கதை.

"மொதல்ல இவரு முழங்காலத்தான் அண்ணாச்சி பாத்தேன்," என்றார் கலா, சோறு பரிமாறிக்கொண்டே. "மூஞ்சியெல்லாம் பொறவுதான்."

சாப்பாட்டுக்கு நடுவில் விவரம் முழுவதும் வந்துவிட்டது. கிளப் இப்போது முதல் டிவிஷனில் கடைசிக்கு முந்தின இடத்தில் தொங்கிக்கொண்டிருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை பருவத்தின் கடைசி ஆட்டம். தோற்காமல் இருந்தால் போதும், முதல் டிவிஷனிலேயே இருக்கலாம்; அப்படி இருந்தால் அடுத்த வருஷம் ராடோவானைத் துணைப் பயிற்சியாளராக வைத்துக்கொள்வதாக முதலாளி வாக்குக் கொடுத்திருக்கிறார். தோற்றால் கீழ் டிவிஷன். அங்கே வெளிநாட்டுக்காரருக்குச் சம்பளம் கொடுக்க வழியில்லை. வேலை போனால் இந்த ஊரில் தங்குகிற அனுமதியும் போய்விடும்.

"போகணும்னா நானும் கூடப் போவேன்," என்றார் கலா. "ஆனா அந்த ஊருல எந்தப் பாஷையில நான் ஆளுகளுக்குக் காலப் புடிச்சு வுடுறது?" சிரித்துக்கொண்டுதான் சொன்னார். ஆனால் என் தட்டில் மூன்றாவது முறையாக ரசத்தை ஊற்றினார், நான் கேட்கவே இல்லை.

மாலை 5.30. மழை விட்டதும் தெருவில் சின்லோன் ஆட ஆரம்பித்துவிட்டார்கள். பிரம்பில் பின்னிய பந்து. ஆறு பேர் வட்டமாக நின்று பாதத்தாலும் முழங்காலாலும் தலையாலும் தட்டித் தட்டி அதைத் தரையில் விழாமல் வைத்திருப்பார்கள். எதிரணி கிடையாது, ஜெயிப்பதும் தோற்பதும் கிடையாது. லுங்கியைத் தார்ப்பாய்ச்சிக் கட்டிய ஒரு டாக்சிக்காரர் முதுகுக்குப் பின்னால் குதிகாலால் தட்டினார் பாருங்கள், நான் தெருவில் நின்றே விசில் அடித்துவிட்டேன்.

அந்த நேரம் பயிற்சி முடிந்து வந்தார் ராடோவான். நல்ல உயரம், கொஞ்சம் வழுக்கை, இடது முழங்காலில் பட்டை. ஆட்டத்தைப் பார்த்து முகத்தைச் சுளித்தார். என்ன கோபம் என்று மணியைக் கேட்டேன்.

"அதுதான் அவருக்குச் சனியன்," என்றார் மணி. "நம்ம பசங்க எல்லாம் நடக்கக் கத்துக்கிட்டதுலேருந்து இத ஆடுறவங்க. மேட்சுல பந்து கால்ல வந்தாலே ஒரு தூக்குத் தூக்கி முழங்கால்ல வச்சு அழகு பாப்பானுங்க. அதுக்குள்ள எதிராளி வந்து புடுங்கிக்கிட்டுப் போயிருவான். ரெண்டு வருசமா 'தரையில வை, தரையில வை'ன்னு மாப்பிள்ள தொண்டத்தண்ணி வத்துது."

சனிக்கிழமை, காலை 7.00. மணியும் நானும் வீட்டுக்குக் கீழே இருக்கும் தோசைக் கடையில் உட்கார்ந்திருந்தோம். தோசை 2,500 க்யாட், பால் டீ 1,500. கலாவும் மாப்பிள்ளையும் வந்து சேர்ந்தார்கள். ராடோவான் பர்மிய மொழி நன்றாகவே பேசுகிறார். கலா அதைத் தமிழாக்கினார். அவர் கால் போன வழியை அன்றைக்குத்தான் முழுசாகக் கேட்டேன்.

பிறந்தது தன்யூப் நதிக்கரையில் ஒரு சின்ன ஊர். அப்பா உருக்காலை வேலையாள். பதினேழு வயதில் பெல்கிரேடில் ஒரு பெரிய கிளப் எடுத்துக்கொண்டது. எடுத்து பெஞ்சில் உட்காரவைத்தது. அங்கிருந்து இரண்டாம் டிவிஷன், பிறகு ஹங்கேரி. அதற்கப்புறம் மால்டா, அங்கே கோல்கீப்பர் பகலில் தபால்காரர், பயிற்சிக்குத் தபால் பையோடு வருவார். பிறகு கசகஸ்தான், குளிரில் தலையால் முட்டினால் பந்து கல்லு மாதிரி இருக்குமாம். பிறகு வியட்நாம். பிறகு மாலத்தீவு; ஓங்கி அடித்தால் பந்து கடலுக்குப் போய்விடும், படகுக்காரர் கொண்டுவரும்வரை ஆட்டம் நிற்கும். அப்புறம் சிட்டகாங். அப்புறம் இங்கே.

"எத்தனை கோல் போட்டிருப்பீங்க?" என்று அசட்டுத்தனமாகக் கேட்டேன்.

கலா கேட்டுவிட்டுச் சிரித்தார். "அது அவரு வேலை இல்லையாம் அண்ணாச்சி. போடுறவன் காலுல கொண்டாந்து வைக்கிறதுதான் வேலையாம். போட்டோவுல எப்பவும் ஓரமாத்தான் நிப்பாராம்."

ராடோவான் தோசையைச் சாம்பாரில் முக்கிக்கொண்டே தமிழில் ஒரு வார்த்தை போட்டார். "மச்சான், இன்னொண்ணு." மணி கையைத் தூக்கிக் கடைக்காரருக்குச் சொன்னார். இத்தனை தேசம் சுற்றிய மனுஷர் இந்தத் தெருவில் சாம்பாருக்கு மச்சானை அதட்டுவதைப் பார்க்க எனக்கு ரொம்பப் பிடித்திருந்தது. நாளைக்கு இது கெட்டுவிடக் கூடாதே.

ஞாயிற்றுக்கிழமை, மாலை 4.00. காலையிலிருந்து அடித்துக் கொட்டியது. மைதானம் நாற்று நடத் தயாராக இருந்தது. டிக்கெட் 2,000 க்யாட். கூரையில்லாத பக்கத்தில் கலாவும் மணியும் நானும் ஒரே குடைக்குள் நின்றோம், அதாவது மூன்று பேரும் நனைந்தோம்.

பத்து நிமிஷத்தில் அது நடந்தது. ராடோவான் தன் பாடத்தைத் தானே பிசகாமல் கடைப்பிடித்து, பின்னால் நின்ற தடுப்பாட்டக்காரருக்குத் தரையோடு தரையாக ஒரு பந்து கொடுத்தார். பந்து பாதி வழியில் தேங்கிய தண்ணீரில் படுத்துக்கொண்டது. எதிரணி முன்வரிசைக்காரன் ஓடிவந்து எடுத்தான், அடித்தான், கோல். ராடோவான் இடுப்பில் கைவைத்து அந்தத் தண்ணீரையே பார்த்தார். கலா என் கையை இறுக்கிப் பிடித்திருந்ததை நான் அப்போதுதான் கவனித்தேன்.

அதற்குப் பிறகும் அதே கூத்துதான். தரையில் விட்ட பந்தெல்லாம் நின்றது.  இடைவேளையில் மணி ஆற்றாமையில் மேகத்தைத் திட்டிக்கொண்டிருந்தார்.

இரண்டாம் பாதி தொடங்கியதும் ஏதோ மாறியிருந்தது. இடது ஓரத்து ஆட்டக்காரர் பந்து வந்ததும் பழைய பழக்கப்படி பாதத்தால் தூக்கினார், முழங்காலில் தட்டினார். கத்தல் வரும் என்று எதிர்பார்த்தேன். ராடோவான் கத்தவில்லை, அவரே பந்தை மார்பில் வாங்கித் தலையால் அடுத்தவருக்குத் தட்டினார். அவர் குதிகாலால் இன்னொருவருக்கு. பந்து தரைக்கே வரவில்லை! எதிரணிக்காரர்களும் சின்லோன் ஆடி வளர்ந்தவர்கள்தான். ஆனால் அவர்களுடைய பயிற்சியாளர் ஓரத்தில் நின்று "தரையில், தரையில்" என்று அலறிக்கொண்டிருந்தார். அரங்கம் சிரிக்க ஆரம்பித்து, பிறகு ஒவ்வொரு தட்டலுக்கும் கூச்சல் போட ஆரம்பித்தது.

ஆட்டம் முடியப் பத்து நிமிஷம் இருக்கும்போது, ஓரத்திலிருந்து ஒரு பந்து உயர்ந்து வந்தது. ராடோவான் மார்பில் வாங்கினார், தொடைக்கு இறக்கினார், அது கீழே விழுமுன் அந்தப் பட்டை கட்டிய காலாலேயே மெல்லத் தூக்கிக் கோல் வாசலுக்கு அனுப்பினார். அங்கே ஒருவர் தலையை மட்டும் கொடுத்தார். கோல்!

"கௌண்டே! கௌண்டே!" என்று மணி பர்மியத்தில் கத்தினார், பிரமாதம் என்று அர்த்தம். குடை எங்கே போனது என்று இன்றுவரை தெரியாது. மிச்ச நிமிஷங்களை நான் பார்க்கவில்லை, கலா பார்க்கவில்லை, மணி விரலிடுக்கில் பார்த்துச் சொன்னார். ஒன்றுக்கு ஒன்று. விசில் ஊதியதும் ஆட்டக்காரர்கள் ராடோவானைத் தூக்கினார்கள், வழுக்கிவிட்டுச் சேற்றில் மொத்தமாக விழுந்தார்கள். முதலாளி பட்டு லுங்கியோடு சேற்றில் இறங்கிவந்து அவர் கையைப் பிடித்துக் குலுக்கியதை நாங்கள் மூவருமே பார்த்தோம். கலா அழுதார். நானும்தான்.

இடைவேளையில் என்ன சொன்னீர்கள் என்று அன்று இரவுச் சாப்பாட்டில் கேட்டேன். கலா கேட்டுச் சொன்னார். "'ரெண்டு வருசமா நான் சொன்னத மறந்துடுங்க, உங்க தெருவுல ஆடுற மாதிரி ஆடுங்க, நானும் வட்டத்துல நிக்கிறேன்'னாராம். பசங்க நம்பலையாம். கிண்டல் பண்றாருன்னு நெனைச்சாங்களாம்."

திங்கட்கிழமை, காலை 9.00. மறுநாள் எனக்கு விமானம். சரக்கு பார்த்து முடிந்திருந்தது. கலாவும் ராடோவானும் த்வாண்டேக்குக் கிளம்பினார்கள், நானும் ஒட்டிக்கொண்டேன். பன்சோடான் துறையில் படகேறி அக்கரையில் டாலா, அங்கிருந்து வாடகை வண்டியில் முக்கால் மணி நேரம். இருபுறமும் நெல் வயல். த்வாண்டே மண்பாண்டத்துக்குப் பேர்போன ஊர். சட்டி, குவளை, பூச்சாடி என்று நூறு சாமான்கள் இருக்க, ராடோவான் நேராகப் போய் நின்றது இடுப்பளவு உயரத் தண்ணீர்ச் சாடி ஒன்றின் முன்னால். பளபளக்கும் கரும்பழுப்பு. இரண்டு ஆள் தூக்க வேண்டும். விலைகூடப் பேசாமல் வாங்கிவிட்டார். வியாபாரியான எனக்கு அதுதான் தாங்கவில்லை.

திரும்பும் படகில் சாடியைக் கால்களுக்கு நடுவில் வைத்துக் கட்டிப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். "வீட்டுல குழாய் இருக்கே, ரெண்டு பேருக்கு எதுக்கு இவ்வளவு பெரிசு?" என்று கேட்டேன்.

கலா பர்மியத்தில் கேட்டார். அவர் ஆற்றைப் பார்த்துக்கொண்டே நிறையப் பேசினார். கலா என் பக்கம் திரும்பிச் சொன்னார்.

"பதினேழு வயசுலேருந்து எந்த ஊருல எத வாங்கினாலும், பொட்டியில அடங்குமான்னு பாத்துட்டுத்தான் வாங்குவாராம் அண்ணாச்சி. ஒரு நாக்காலிகூடச் சொந்தமா வச்சிருந்ததில்லையாம். பொட்டியில அடங்காத சாமானா ஒண்ணு வேணும்னு தோணுச்சாம்."

என் வீட்டை நினைத்துக்கொண்டேன். பீரோ, கட்டில், இரும்புப் பெட்டி, மாடிப்படிக்கடியில் கிடக்கும் கிரைண்டர். எதுவுமே எந்தப் பெட்டியிலும் அடங்காது. அது ஒரு பாக்கியம் என்று ஐம்பது வயதுவரை எனக்குத் தோன்றியதே இல்லை.

துறையில் சுமைக்காரர் ஒருவர் சாடியைத் தூக்க வந்தார். ராடோவான் கொடுக்கவில்லை. தானே அணைத்துத் தூக்கித் தோளில் சாய்த்துக்கொண்டு, கூட்டத்தை விலக்கிப் படியேறினார். "முழங்கால்! முழங்கால்!" என்று கத்திக்கொண்டு கலா பின்னால் ஓடினார். அவர் காதிலேயே வாங்காமல், போட்டாதாங் பக்கம் திரும்பி வீட்டைப் பார்த்து நடந்தார்.