அண்ணன் மாதாவாய் நின்ற கொட்டகை

இண்டைக்குப் பக்கத்து வீட்டுப் பிள்ளையின் பள்ளிக்கூட நாடகத்துக்கு முகம் பூச, முத்துவெள்ளையில் தேங்காயெண்ணெய் விட்டுக் குழைத்தார்கள். அந்த மணத்தோடு, பள்ளிமுனைக் கோயிலடியில் இருந்த ஓலைக் கொட்டகை எனக்குள் வந்து நின்றுவிட்டது. இப்போது அங்கே சீமெந்து மண்டபம்.

தபசுகாலம் முழுக்க யேசுவின் பாடுகளைக் காட்டும் பாஸ்குக் கூத்தை அங்கேதான் பழகுவார்கள், மத்தளமும் கடற்காற்றும் ஓலையின் சரசரப்பும் ஒன்றாய்க் கேட்கும், பெண்பிள்ளைகள் மேடை ஏறக்கூடாது என்பதால் நான் வேலிக்கு வெளியே நின்றே மாதா அழுது பாடும் பாட்டு முழுவதையும் பாடமாக்கினேன், ஆனால் மாதாவாக வந்தது என்ர அண்ணன்தான். மாதா வேசக்காரன் மீன் தொடக்கூடாது என்று அம்மா அவனுக்குத் தனிச்சட்டியில் சமைத்தா, பெற்ற பிள்ளையை 'நீங்கள்' என்றே கூப்பிட்டா. எனக்கு எப்போதும் போல 'எடியே'தான்.

கூத்து முடிந்ததும், அம்மாவின்ர கலியாணச் சேலையில் வியர்த்து நின்ற அண்ணனுக்கு முன்னால் அவ முழந்தாளிட்டா.

"தாயே, கடலுக்குப் போற என்ர மனிசனைக் காப்பாத்துங்கோ."

"அம்மா, இது நானெணை," என்றான் அண்ணன், சிரிப்பை அடக்கிக்கொண்டு.

"தெரியும். நீ வாயை மூடு, நான் அவவோட கதைக்கிறன்."

அதே பாட்டை வாய்க்குள் முணுமுணுத்தபடி நானும் பக்கத்தில்தான் நின்றேன். என்னை ஒருவரும் பார்க்கவில்லை.

அண்ணன் செத்துக் கனகாலம். இப்பவும் செபமாலையைக் கையில் எடுத்தால் மாதா அவனுடைய முகத்தோடுதான் வாறா. என்ர முகத்தோடு ஒருநாளும் வந்ததில்லை.