செர்ரிக்கு ஒதுக்கிய வட்டம்

எங்கள் கீழ்வீட்டுக்காரரைத் தெருவே கோடண்ணன் என்றுதான் கூப்பிடும். சாலையில் வெள்ளைக் கோடு போடுகிற வேலை அவருக்கு. தான் போட்ட கோட்டைப் பார்த்து லாரியே நிற்கும்போது வீட்டு மனுஷர்கள் நிற்க மாட்டார்களா என்பது அவர் நினைப்பு.

குளிர்காலத்தில் ஒரு செர்ரிக் கன்று வாங்கி வந்தார். இலையில்லாத, முழங்கால் உயரக் குச்சி. அதில் தொங்கிய அட்டையில், வளர்ந்தால் இருபதடி அகலத்துக்கு விரியும், அந்த இடத்தைக் காலியாக விடவும் என்று போட்டிருந்தது. தண்டில் ஒட்டுக்கட்டிய இடத்து முண்டு மண்ணுக்கு மேலே தெரியும்படி தோட்டத்தில் நட்டார். பிறகு தண்டில் கயிற்றைக் கட்டி, பெயிண்டும் கையுமாகச் சுற்றி வந்தார். புல், சிமெண்டு என்றெல்லாம் பார்க்கவில்லை. வட்டம் தகரக் கொட்டகைக்குள் ஒரு பக்கம் நுழைந்து மறுபக்கம் வெளியே வந்தது. அந்தக் கொட்டகையில்தான் அவர் மனைவி, எங்களுக்கெல்லாம் தையலக்கா, மெஷின் போட்டுத் தைத்துக்கொண்டிருந்தார்.

அன்றிலிருந்து மரம் வளர்ந்துவிட்டதாகவே அண்ணன் நடமாடினார். வட்டத்துக்குள் குனிந்தே போனார். துணிக்கொடியை அவிழ்த்தார். என்னையும் குனியச் சொன்னார். குனிந்தேன், வேற்றூரில் வாடகைக்கு இருப்பவனுக்கு எதற்கு வம்பு?

"கொட்டகைய ஞாயித்துக்கிழமை பிரிச்சிடலாம்மா" என்றார் அக்காவிடம்.

"எதுக்காம்?"

"தகரம் கிளைல உரசுச்சுன்னா பட்டை கிழிஞ்சு பிசின் வடியும்."

"எந்தக் கிளைங்க? அந்தக் குச்சில குருவி உக்காந்தாலே சாஞ்சிடும்! மெஷின எங்க வைக்க, உங்க தலைமேலயா?"

"கோடு போட்டாச்சு. நான் என்ன பண்ண?"

"போட்டதே நீங்கதானே!"

"யார் போட்டா என்ன? கோடு கோடுதான்."

அக்கா அந்த வார்த்தையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். சனிக்கிழமை அண்ணன் வேலைக்குப் போனதும், பழைய வட்டத்தைப் புல்லிலிருந்து வெட்டி எறிந்தார், சிமெண்டில் சாம்பல் நிறம் பூசி மறைத்தார். கொட்டகைப் பக்கமே போகாமல் புதிதாக ஒரு வட்டம் போட்டார்.

சாயங்காலம் அண்ணன் வந்து குந்தி உட்கார்ந்து கோட்டைத் தடவிப் பார்த்தார்.

"யாரு போட்டது?"

"நான்தான். யார் போட்டா என்ன?"

"ஓரம் பிசிறில்லாம இருக்கே..." என்றார். மண்வெட்டியை எடுத்து, வேர்மண் உதிராமல் கன்றைத் தோண்டி, புது வட்டத்தின் நடுவில் நட்டார். தண்ணீர் ஊற்றி, காய்ந்த இலைகளைத் தண்டில் படாமல் சுற்றிலும் பரப்பினார். பிறகு கோட்டைப் பிடித்துக்கொண்டே நடந்தார். அது சுவரேறி, படுக்கையறை ஜன்னல் வழியாக உள்ளே இறங்கி, கட்டிலில் அவர் படுக்கும் பக்கத்தை மட்டும் வளைத்துக்கொண்டு வெளியேறியிருந்தது.

பிறகு தன் மெத்தையைச் சுருட்டிக் கூடத்துக்கு இழுத்தார்.

"கிளை வருமில்ல" என்றார், பின்னாலேயே வந்து வாசலில் நின்ற என்னிடம்.

கொட்டகையில் மெஷினை மிதித்துக்கொண்டே அக்கா குரல் கொடுத்தார்: "தலகாணியையும் எடுத்துட்டுப் போங்க. பழம் விழுந்தா கறையாயிடும்!"