மாமாவின் இடது பக்கம்

என் மாமாவுக்கு முன்பற்களில் மூன்று கிடையாது. தோள்பட்டை எலும்பு ஒருமுறை உடைந்து, சற்றுத் தூக்கலாகவே ஒட்டிக்கொண்டிருந்தது. வலது கைச் சுண்டுவிரல் மற்ற விரல்களோடு சேராமல் தனியாக வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருக்கும். எல்லாம் ஹாக்கி ஆடிச் சம்பாதித்தவை. பெண் பார்க்கப் போகும்போது சிரிக்காதே என்று அம்மா சொல்லி அனுப்புவாள். சிரிக்காமல் உட்கார்ந்திருந்தால் அவர் முகம் இன்னும் பயமாக இருக்கும். அதனால் கல்யாணம் தள்ளிக்கொண்டே போய், ராயபுரத்தில் எங்கள் வீட்டிலேயே இருந்தார். அம்மாவுக்குத் தம்பி.

சிறுவனாக இருந்தபோது படகுகளுக்கு நடுவே மணலில், தென்னை மட்டையும் துணிப்பந்தும் வைத்து ஆடிப் பழகியவர். பத்தொன்பது வயதில் திருவொற்றியூர்ப் பக்கம் ஒரு கயிற்றுக் கம்பெனி தன் ஹாக்கி டீமுக்காக அவரைக் கூப்பிட்டு வேலை கொடுத்தது. கிடங்கில் உதவியாள் என்று பெயர். மூன்று மணி அடித்தால் மட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு மைதானத்துக்குப் போய்விடுவார். யாரும் ஏனென்று கேட்க மாட்டார்கள். ஆட்டம் இருக்கிற வரைக்கும்தான் அந்த வேலை என்று வீட்டில் என் நைனா சொல்லிக் கேட்டிருக்கிறேன். மழை வந்தால் தெருவில் தண்ணீர் நிற்கும் என்று சொல்வதைப்போல அதையும் காதில் வாங்கி விட்டுவிட்டேன்.

அவருடைய இடம் கோலுக்கு முன்னால். பந்தோடு வருகிறவன் அவரைத் தாண்டக் கூடாது. கோல் போடுவதற்கு டீமில் வேறு ஆட்கள் இருந்தார்கள், இவர் பயமுறுத்துவதற்கு. கூட்டம் அவருக்குக் கோடாலி என்று பெயர் வைத்திருந்தது. எதிர் டீம் மைதானத்தில் இறங்கும்போதே, "கோடாலி ஆட்றாண்டா, காலை வூட்ல வச்சுட்டு வந்தியா?" என்று யாராவது கத்துவார்கள். மாமா சாது என்று நான் சொல்ல மாட்டேன். எத்தனையோ பேரை அவர் தெரிந்தே அடித்திருக்கிறார். காலையில் அடிபட்டவனோடு சாயங்காலம் டீக்கடையில் தோளில் கைபோட்டு நிற்பதையும் பார்த்திருக்கிறேன்.

எனக்கு ஏழு வயதாக இருக்கும்போது, பழகுகிற நேரத்தில் ஒரு பந்து எகிறி அவர் இடது கண்ணில் அடித்தது. ஒரு மாதம் கண் ரத்தக்கட்டியாக இருந்தது. பிறகு வெளுத்து, பார்ப்பதற்கு நன்றாகவே ஆகிவிட்டது. பார்வை மட்டும் திரும்பவில்லை. இது எங்கள் வீட்டு நான்கு பேரைத் தவிர வேறு யாருக்கும் தெரியாது. வெளியே பேசக்கூடாது என்று எனக்குத் தனியாக யாரும் சொன்ன நினைவில்லை. நான் வாயே திறக்காத பெண். சொல்ல வேண்டிய தேவை இருக்காது என்று நினைத்திருப்பார்கள். எனக்கு அது ஒரு விளையாட்டு. அவர் சாப்பிடும்போது இடது பக்கமாக ஊர்ந்துபோய்த் தட்டிலிருந்து வறுத்த நெத்திலியை எடுப்பேன். பாதி தீர்ந்த பிறகுதான் அவருக்குத் தெரியும்.

அதற்குப் பிறகு மாமா மைதானத்தில் இடது பக்கக் கோட்டை ஒட்டி நிற்க ஆரம்பித்தார். அந்தப் பக்கம் கோட்டைத் தவிர வேறொன்றும் இருக்காது அல்லவா. தப்பித் தவறி அங்கே காலடிச் சத்தம் கேட்டால், மட்டையைச் சுழற்றுவார். பந்தும் அகப்படும், காலும் அகப்படும். கோடாலிக்கு வயதாக ஆகக் கோபம் ஏறுகிறது என்று கூட்டம் பேசிக்கொண்டது. இப்படியே இரண்டு வருஷம் ஆடிவிட்டார்.

ஒரு பெயிண்ட் கம்பெனி டீமோடு நடந்த ஆட்டத்துக்கு நைனா என்னையும் கூட்டிப்போயிருந்தார். கரித்தூள் கொட்டி இறுக்கிய மைதானம். எதிர் டீமில் ஒல்லியாக ஓர் இளைஞன், கோட்டோரமாகவே ஓடி வந்தான். மாமாவின் மட்டை அவன் முழங்காலுக்குக் கீழே விழுந்த சத்தம் எங்களுக்குக் கேட்டது. ஒரு பலகையில் வைத்துத் தூக்கிக்கொண்டு போனார்கள். எங்கள் பக்கத்தில் விசில் அடித்தார்கள். நானும் கை தட்டினேன்.

அந்த இளைஞன் என்னோடு படிக்கிற ரஞ்சிதத்தின் அண்ணன் என்பது மறுநாள் பள்ளியில்தான் தெரிந்தது. கால் எலும்பு இரண்டாக உடைந்துவிட்டதாம். அவள் அழுதுகொண்டே எல்லோரிடமும் சொன்னாள். நான் வகுப்புக்குள் நுழைந்ததும், "கோடாலி வர்றா, காலை மட்ச்சுக்கோ" என்று ஒருத்தி சொல்ல, வரிசையாக எல்லாப் பெண்களும் பாவாடைக்குள் காலை இழுத்துக்கொண்டார்கள். அன்று மட்டுமல்ல, அந்த வாரம் முழுவதும். தண்ணீர்ப் பானைக்கு நான் போனால் அந்த இடம் காலியாகிவிடும். ஆட்டம் இல்லாத நாளில் மாமா என்னைப் பள்ளியிலிருந்து கூட்டிப்போக வந்தால், அவர் கண்ணில் படாமல் பின்பக்கமாக ஓடிவிடுவேன். எந்தப் பக்கம் நின்றால் கண்ணில் பட மாட்டேன் என்று எனக்குத்தான் தெரியுமே.

ஆறாம் நாளோ ஏழாம் நாளோ, ரஞ்சிதம் என் முகத்துக்கு நேராக, "உங்க மாமன் ரவுடி. வேணும்னே அட்ச்சான்" என்றாள்.

எனக்கு எங்கிருந்து அவ்வளவு பேச்சு வந்ததோ தெரியவில்லை. வேண்டுமென்றே அடிக்கவில்லை, அவருக்கு இடது கண் தெரியாது, அந்தப் பக்கம் யானை வந்தாலும் தெரியாது, பந்து என்று நினைத்துத்தான் அடித்தார் என்று ஒரே மூச்சில் சொல்லி முடித்தேன். நெத்திலி எடுப்பதைக்கூடச் சாட்சியாகச் சொன்னேன். ரஞ்சிதம் வாயைத் திறந்தபடி கேட்டாள். மறுநாள் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, கமர்கட்டைக் கடித்துப் பாதி கொடுத்தாள். மற்ற பெண்களும் கால்களை நீட்டி உட்கார்ந்தார்கள். மாமாவின் மேலிருந்த அழுக்கை நானே கழுவிவிட்டதாக எனக்குப் பெருமை தாங்கவில்லை.

மூன்று வாரம் கழித்து அதே டீமோடு மறுபடியும் ஆட்டம். முதல் பந்தே கோட்டோரமாக வந்தது. இரண்டாவதும் அப்படியே. அந்தப் பக்கம் ஒன்றுக்கு இரண்டு பேரை நிறுத்தியிருந்தார்கள். ஒருவன் மாமாவுக்கு முன்னால் நின்று ஆட்டம் காட்டுவான். இன்னொருவன் அவர் தோளை உரசுவதுபோலப் பின்னால் ஓடிவிடுவான். மாமா தலையைத் திருப்புவதற்குள் பந்து கோலுக்குள் இருக்கும்.

"பீச்சாங்கைப் பக்கமா பூடு மாமு. அந்தப் பக்கம் வூடு காலி" என்று எதிர்ப் பக்கத்திலிருந்து ஒருவன் தங்கள் ஆட்டக்காரனுக்குக் குரல் கொடுத்தான். பிறகு அவர்கள் கூட்டம் முழுவதும் அதைப் பாட்டாகப் பிடித்துக்கொண்டது. வூடு காலி, வூடு காலி. மாமா காற்றில் மட்டையைச் சுழற்றினார். கோட்டைப் பார்த்து உடம்பையே திருப்பிக்கொண்டு நண்டுபோல நகர்ந்து பார்த்தார். அதுவரை அவரைக் கண்டு பயந்தவர்களெல்லாம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். எங்கள் பக்கத்திலும் சிலர் சிரித்தார்கள்.

நைனா என்னைப் பார்க்காமலே, "எவனோ சொல்லிட்டான்" என்றார். நான் கரித்தூளைக் கால் விரலால் கிளறிக்கொண்டிருந்தேன். காது இரண்டும் சுட்டது. ஆனாலும், ரஞ்சிதத்திடம் சொன்னது பந்தாகி இங்கே உருள்கிறது என்று முழுவதுமாக நம்ப எனக்கு மனம் வரவில்லை.

நான்கு கோல் விழுந்த பிறகு கேப்டன் வந்து மாமாவிடம் ஏதோ சொன்னார். மாமா மட்டையைக் கையில் பிடித்தபடி கோட்டுக்கு வெளியே போய் உட்கார்ந்தார். மிச்ச ஆட்டத்தைப் பத்துப் பேரோடு ஆடினார்கள். அதற்குப் பிறகு ஒரு கோல்தான் விழுந்தது.

அடுத்த வாரம் கம்பெனி டாக்டர் வலது கண்ணைப் பொத்தச் சொல்லி, விரல்களை நீட்டி எத்தனை என்று கேட்டார். வேலையை விட்டு நிறுத்தாமல், கயிற்றுச் சுருள் தூக்குகிற இடத்துக்கு மாற்றினார்கள். அது பெரிய மனது என்று அம்மா எல்லோரிடமும் சொன்னாள். மூன்று மணிக்கு இனி அவர் எங்கும் போக வேண்டியதில்லை. யார் சொல்லியிருப்பார்கள் என்று வீட்டில் ஒருவரும் என்னைக் கேட்கவில்லை. கேட்காத வரை நானும் சொல்லவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை ரஞ்சிதமும் அவள் அண்ணனும் எங்கள் வீட்டுக்கு வந்தார்கள். அவன் காலில் கட்டு, கக்கத்தில் கட்டை. ஒரு பையில் சாத்துக்குடி கொண்டுவந்திருந்தான். பாயில் உட்கார முடியாததால் அம்மா முக்காலியைத் துடைத்துப் போட்டாள்.

"அண்ணாத்தே, உன்னத் தப்பா நென்ச்சுக்கினு இருந்தேன்" என்று தொடங்கினான். "உனக்குக் கண்ணு தெரியாதுன்னு எனக்கு இன்னா தெரியும்? உங்க வூட்டுப் பாப்பா ரஞ்சிதத்தாண்ட சொல்லித்தான் தெரிஞ்சுது. படுத்துக்கினு கீற நேரத்துல டீம் பசங்க வந்தானுங்க, சும்மா பேச்சுவாக்குல சொன்னேன். இப்டிப் பண்ணுவானுங்கன்னு நென்க்கல. மனசு கேக்கல அண்ணாத்தே."

அம்மாவும் நைனாவும் என்னைப் பார்த்தார்கள். மாமா பார்க்கவில்லை. அவனுடைய கட்டுப் போட்ட காலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"யாரு சொன்னது கண்ணு தெரியாதுன்னு?" என்றார் நிதானமாக. "அது சின்னப் புள்ள, எதுனா ஒளறும். எனக்கு நல்லாத் தெரிஞ்சுது. நீ வந்துகினு இருந்த. பந்து எங்க, காலு எங்கன்னு பாத்துத்தான் அட்ச்சேன்."

அவன் முகம் மாறிப்போனது. சாத்துக்குடிப் பையை எங்கே வைப்பது என்று தெரியாமல் மடியிலேயே வைத்துக்கொண்டிருந்தான்.

அத்தோடு நான் சும்மா இருந்திருக்கலாம். ஊரில் எல்லோரும் என்னை ஊமை என்பார்கள்; அன்றைக்கு ஒரு நாள் ஊமையாக இருந்திருக்கலாம். ஆனால் ரஞ்சிதம் என்னை முறைத்தாள். நான் பொய் சொல்லிவிட்டதாக நாளைக்கு வகுப்பில் சொல்வாள், மறுபடியும் எல்லோரும் காலை மடக்கிக்கொள்வார்கள் என்ற ஒன்றுதான் எனக்குத் தோன்றியது.

"பொய் சொல்லாத மாமா" என்றேன். "டாக்டரு வெரலக் காட்டினப்போ கூட உனக்குத் தெரியலியே."

நான் அவருடைய இடது பக்கம் நின்றுகொண்டிருந்தேன். என்னைப் பார்ப்பதற்கு அவர் முகத்தை முழுவதுமாகத் திருப்ப வேண்டியிருந்தது. திட்டவில்லை. எழுந்து, சட்டையை எடுத்து மாட்டிக்கொண்டு, வந்தவர்களிடம் போய் வருகிறேன் என்றுகூடச் சொல்லாமல் தெருவில் இறங்கிப் போனார். நைனா வாசல் வரை போய்த் திரும்பினார். அம்மா அந்த இளைஞனிடம், காபி குடிக்கிறாயா தம்பி என்று கேட்டாள்.

மாமாவைக் கெட்டவர் என்று யாரும் சொல்லக் கூடாது என்பதற்காக நான் இத்தனை பாடுபட்டிருக்கிறேன். அவரே இப்படி மாற்றிச் சொன்னால் நான் என்ன செய்வது? எனக்கு ஒருவரும் பரிந்து பேசவில்லையே என்று கோபம் வந்தது. அன்று முழுவதும் நான் மாமாவோடு பேசுவதில்லை என்று முடிவு செய்துகொண்டு, அவர் வந்து என்னைச் சமாதானம் செய்யட்டும் என்று சுவரைப் பார்த்துப் படுத்திருந்தேன்.