சந்திக்குச் சந்தி ஒரு கும்பிடு

உரும்பிராய்ப் பக்கத்தில் சந்திக்கு ஒரு பிள்ளையார், வளைவுக்கு ஒரு வைரவர். கண்ணை நன்றாகத் திறந்து வைத்திருக்க வேண்டிய இடம் எதுவோ, அங்கேதான் கோயில் இருக்கும். என் கணவர் ஒன்றையும் தவறவிட மாட்டார். மோட்டார் சைக்கிளை நிறுத்தவும் மாட்டார். வலக்கை கைபிடியை விட்டு நெஞ்சுக்குப் போகும், தலை குனியும், கண் மூடும். இடக்கையால் கும்பிடுவது மரியாதை இல்லையாம். முன் பிரேக் அந்த வலக்கையில்தான் இருக்கிறது.

மகள் சின்னவளாக இருந்தபோது அவளைப் பெற்றோல் டாங்கியின் மேல் இருத்திக்கொண்டு போவார். கோயில் வந்தால், "கும்பிடு பிள்ளை" என்பார். அவளும் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு கைகூப்புவாள். பின்னால் இருக்கும் நான் அவருடைய தோளைத் தட்டுவேன்.

"இஞ்சாருங்கோ, ஓடேக்கை கண்ணை மூடாதேங்கோ."

"சாமி கும்பிடுறதையும் பிழை எண்டு சொல்லுவியோ?"

நானும் விரதம் பிடிக்கிறவள்தான். அவரைச் சுற்றிக் கையை நீட்டிப் பிள்ளையைப் பிடித்துக்கொள்வேன்.

இப்போது மகள் ஸ்கூட்டியில் வேலைக்குப் போகிறாள். அப்பாவின் கும்பிடு அப்படியே அவளிடம் வந்திருக்கிறது, அதே வலக்கை, அதே குனிவு. அவள் வீடு வந்து சேரும்வரை எனக்கு ஒரு வேலையும் ஓடுவதில்லை.

போன கிழமை அவளோடு கோப்பாய்க்குப் போனேன். பிள்ளையார் கோயிலடியில் அவள் குனிந்த நேரம் பார்த்து, வெங்காயம் ஏற்றிய லான்ட்மாஸ்டர் உழவு இயந்திரம் ஒன்று ஒழுங்கைக்குள் இருந்து வெளியே வந்தது. நான் கத்திய கத்தில் அவள் ஸ்கூட்டியை ஒரு பக்கமாக வெட்டித் திருப்பினாள். இருவரும் ரோட்டோரப் புழுதியில் விழுந்தோம். முழங்கால் உரசியதோடு போயிற்று.

"அம்மா, பிள்ளையார்தான் காப்பாத்தினவர்" என்றாள், புழுதியைத் தட்டியபடி.

"நான் கத்தினபடியாத்தானடி தப்பினனாங்கள்!"

வீட்டில் என் கணவர் அவளுடைய காயத்துக்கு மருந்து போட்டார். அவருக்கும் கண் கலங்கித்தான் இருந்தது. நான் நடந்ததைச் சொன்னேன், கண் மூடியதையும் விடாமல் சொன்னேன். அவர் மகளின் தலையைத் தடவிக்கொடுத்தார்.

"கும்பிட்டபடியாத்தான் ரெண்டு பேரும் உயிரோடை வந்து சேந்தியள். அந்தப் பிள்ளையாரை மட்டும் ஒருநாளும் மறந்திடாதை, பிள்ளை."

அவரோடு கதைத்துப் பயனில்லை என்று எனக்கு அன்றைக்கு விளங்கியது. இனி அவளைத் தனியே விடுவதில்லை என்று நினைத்து, நேற்றும் பின்னால் ஏறி இருந்தேன். அதே கோயில் வந்தது. அவளுடைய கை வழமையைவிட முந்தியே நெஞ்சுக்குப் போனது. நன்றி சொல்கிறாள்போல, தலை நிமிர வெகுநேரம் எடுத்தது. ரோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தது நான் மட்டும்தான்.