கட் சொல்லாத டைரக்டர்

வீட்டில் அவருக்கு டைரக்டர் என்றே பெயர். மனைவி அப்படிக் கூப்பிடும்போது மரியாதை கொஞ்சம், கிண்டல் நிறைய. எடுத்த மூன்று படங்களும் நண்பர்களுக்குப் போட்டுக் காட்டியதோடு சரி. மனிதர் அசரவில்லை. கதையில் ஒரு வரி எழுதுவதற்கு முன்பே 'எழுத்து, இயக்கம்' என்று தன் பெயரைப் போட்டு அழகு பார்ப்பவர் அவர்.

அவரிடம் ஒரு வழக்கம் உண்டு. காட்சி முடிந்தாலும் கட் சொல்ல மாட்டார். "நடிப்பு முடியற இடத்துலதான் நிஜம் ஆரம்பிக்கும்" என்பார். நான்காவது படத்தின் கதாநாயகி முதல் நாளே காத்து நின்று கடுப்பாகி, கம்பி நீட்டிவிட்டாள். பல் மருத்துவமனை வரவேற்பில் வேலை முடிந்து வந்த மனைவியைப் பிடித்துச் சமையலறையில் நிறுத்தினார். இதுவும் ஊற்றிக்கொண்டால் சினிமாவுக்கு முழுக்குப் போட்டுவிட்டு, கல்யாண வீடியோ எடுக்கப் போவதாக அவளுக்கு வாக்குக் கொடுத்திருந்தார்.

நாயகி தன் கணவனிடம் பேசுகிற நான்கு பக்க வசனம். வாழ்க்கை ஒரு ஜன்னல், காலம் ஒரு திரைச்சீலை என்று போகும். பாவம், மனப்பாடம் செய்து ஒப்பித்தாள். முடித்துவிட்டு நின்றாள். கட் வரவில்லை. கேமராவுக்குப் பின்னால் இருந்தவரைப் பார்த்துப் பொரிந்து தள்ளினாள்.

"இவ்வளவு பேசறாளே, அந்த ஆளு ஒரு வார்த்தை பதில் சொல்றானா? கேக்கற மாதிரி மூஞ்சிய வச்சுக்கறான், அவ்வளவுதான். கதவுகிட்ட பேசினாக்கூட கிரீச்சுன்னு ஒரு சத்தம் வரும்!"

எடிட்டிங் செய்தவன் அவளுடைய தம்பி. நான்கு பக்கத்தையும் தூக்கிவிட்டு இதை மட்டும் வைத்தான். "மாமா, படத்துல உயிரோட இருக்கறது இது ஒண்ணுதான்" என்றான்.

டைரக்டர் தாம்தூம் என்று குதித்தார். குறும்பட விழாவுக்கு அனுப்பக் கடைசி நாள் வந்துவிட்டதால் பல்லைக் கடித்துக்கொண்டு விட்டுவிட்டார். படம் தேர்வானது. பரிசும் வந்தது, சிறந்த வசனத்துக்கு.

அரங்கில் ஒருவர் எழுந்து, "பெண் மனசை இவ்வளவு துல்லியமா எப்படி சார் எழுதினீங்க?" என்று கேட்டார்.

உண்மையைச் சொல்லத்தான் மைக்கை வாங்கினார். முன்வரிசையில் மனைவி நிமிர்ந்து உட்கார்ந்தாள். "பல வருஷமா கூர்ந்து கவனிச்சதுதான்" என்று வாய் தானாகச் சொல்லிவிட்டது. கைதட்டல் கூரையைப் பிளந்தது.

தொகுப்பாளர் மைக்கை மனைவியிடம் நீட்டினார். "இப்படிப் புரிஞ்சுக்கற ஒருத்தரோட வாழறது எப்படி இருக்கு மேடம்?"

அவள் டைரக்டரையே பார்த்தாள். "அவர் எழுதிக் குடுக்கட்டும், பேசிடறேன்."

அரங்கம் விழுந்து விழுந்து சிரித்தது.

"இதுவும் சார் எழுதினதாத்தான் இருக்கும்" என்றார் பின்வரிசையில் ஒருவர்.