கேட் வரை கூடப் போகிறவன்

ஆனையூரில் எங்கள் வீட்டுக் குளியலறைக் குழாய் போன வாரம் ஒழுகத் தொடங்கியது. செல்லூரிலிருந்து பாண்டி என்ற பிளம்பர் வந்தார். அவர் சுவரைக் கொத்த ஆரம்பித்ததும் நான் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியைக் கொண்டுபோய்க் குளியலறை வாசலில் போட்டு உட்கார்ந்துகொண்டேன். சாமான் எடுக்க அவர் வண்டிக்குப் போனார். நானும் பின்னாலேயே போனேன். தெருமுனைக்கு டீ குடிக்கப் போனார். அங்கேயும் போய்ப் பக்கத்தில் நின்றேன். மத்தியானம் வரை பொறுத்துப் பார்த்தவர் ஸ்பானரைக் கீழே வைத்துவிட்டார்.

"என்னண்ணே, காலையிலருந்து பின்னாடியே வாரீக? உங்க வீட்டுல நான் என்னத்தத் தூக்கிட்டுப் போயிரப் போறேன்?"

எனக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியவில்லை. அடுப்படியிலிருந்து என் மனைவி ஸ்டெல்லாதான் குரல் கொடுத்தாள். "தப்பா நெனைக்காதீங்க தம்பி. அவுக வெளிநாட்டுல பாத்த வேலையே அதான்."

அவள் சொன்னது உண்மை. ஆப்கானிஸ்தானில் ஓர் அமெரிக்க ராணுவ முகாமில் ஆறு வருடம் நான் பார்த்த வேலைக்கு எஸ்கார்ட் என்று பெயர். முகாமுக்குள் வேலைக்கு வரும் உள்ளூர்க்காரர்கள் அங்கே தனியாக நடக்கக் கூடாது. காலையில் அவர்களைக் கேட்டிலிருந்து கூட்டிக்கொண்டு வந்து, மண் அள்ளினாலும் கழிப்பறைக்குப் போனாலும் கண்ணை எடுக்காமல் பார்த்து, சாயங்காலம் மறுபடி கேட் வரை கூடப் போய் விட வேண்டும். கேட்டுக்கு முன்னால் தரையில் ஒரு மஞ்சள் கோடு உண்டு. அதைத் தாண்ட எனக்கு அனுமதி இல்லை. சொந்த மண்ணில் தனியாக நடக்க முடியாத அவர்களும், ஆறு வருடத்தில் அந்த நாட்டின் ஒரு தெருவைக்கூடப் பார்க்காத நானும் அந்தக் கோட்டில்தான் பிரிவோம். ஒரு நாட்டுக்காரனை அவன் நாட்டிலேயே மதுரைக்காரன் காவல் காக்க, அதற்கு மூன்றாவது நாட்டுக்காரன் சம்பளம் கொடுத்தான். வளைகுடாவிலும் இதுபோன்ற முகாம்களிலும் வேலை பார்த்தவர்களுக்கு இது புரியும். என் வீட்டில் யாருக்கும் புரியவில்லை.

அங்கே நான் காவல் காத்தவர்களில் ஒருவனான நஜீப்பும் பிளம்பர்தான். என்னைவிட நான்கைந்து வயது இளையவன். முதல் நாள் சாயங்காலம் கோட்டருகே வந்ததும் வலது கையை நெஞ்சில் வைத்துத் தலை குனிந்தான். நெஞ்சுவலி என்று நினைத்து நான் வாக்கி-டாக்கியில் கூப்பாடு போட்டுவிட்டேன். ஆம்புலன்ஸ் வந்தது. இரண்டு சிப்பாய்கள் அவனைப் படுக்கவைத்துச் சட்டையைக் கழற்றினார்கள். அது அவர்கள் விடைபெறும் முறை, நாம் கும்பிடுவது மாதிரி என்று மொழிபெயர்ப்பாளர் வந்து சொன்னபோது என் மானம் கப்பலேறியது. அன்றிலிருந்து நஜீப் ஒவ்வொரு சாயங்காலமும், "இன்னைக்கு ஆம்புலன்ஸ் வேண்டாம்" என்று சொல்லிவிட்டுத்தான் கையை நெஞ்சுக்குக் கொண்டுபோவான். இந்தியில்தான் பேசுவோம். மதுரையில் எட்டிக்கூடப் பார்க்காத இந்தியை அவனிடம்தான் கற்றேன். அவன் சினிமா பார்த்துக் கற்றிருந்தான். அதனால் கொஞ்ச நாள் நானும் கதாநாயகன் மாதிரி வசனம் பேசிக்கொண்டிருந்தேன்.

பிறகு அமெரிக்கர்கள் கிளம்பப் போகிறார்கள் என்ற பேச்சு வந்தது. முதலில் சாப்பாட்டுக் கூடத்தில் ஐஸ்கிரீம் நின்றது. அப்புறம் ஜிம் போயிற்று. நல்ல குளிர்பதனப் பெட்டிகளையும் ஏசி இயந்திரங்களையும் வரிசையாக வைத்து புல்டோசரால் நசுக்கினார்கள். தான் போட்ட குழாய்களைத் தானே பிடுங்கும் வேலை நஜீப்புக்கு. நாற்காலி போட்டு அதைப் பார்க்கும் வேலை எனக்கு.

"ஏன் உடைக்கிறாங்க? எங்க ஊர்ல ஒரு பள்ளிக்கூடத்துக்குக் குடுக்கலாமே" என்று கேட்டான். நான் நாற்காலியை நிழலுக்கு நகர்த்திப் போட்டேன்.

அந்த வாரம்தான் அவன் என்னிடம் ஒன்று கேட்டான். அமெரிக்கர்களிடம் வேலை பார்த்தவன் என்று ஊருக்கே தெரியும். அவர்கள் போனபிறகு அவன் உயிருக்கு உத்தரவாதமில்லை. விசாவுக்கு விண்ணப்பிக்க மேலதிகாரியின் கடிதம் வேண்டும். எங்கள் பெரிய அதிகாரி டேல் என்றொரு அமெரிக்கர். "உன் பேச்சை அவர் கேட்பார். எனக்காகச் சொல்லு" என்றான்.

கேட்டிருக்கலாம். டேல் கெட்ட மனிதரல்ல. ஆனால் எஸ்கார்ட் உள்ளூர்க்காரரோடு நட்பாக இருக்கக் கூடாது என்பது விதி. அவர்களுக்காகப் பரிந்து பேசிய ஒருவனின் அடையாள அட்டையைப் பறித்து அடுத்த விமானத்தில் ஏற்றியதை நான் பார்த்திருக்கிறேன். அப்படிப் போனவனுக்கு வேறு முகாமிலும் வேலை கிடைக்காது; என் மகளுக்குக் கல்லூரியில் இன்னும் ஒரு வருடம் பாக்கி. அதனால் நானே உட்கார்ந்து ஒரு கடிதம் தட்டினேன். அப்போது எஸ்கார்ட்டுகளுக்கு நான்தான் சூப்பர்வைசர். என்னிடம் ஊதா மையும் ஒரு ரப்பர் ஸ்டாம்பும் இருந்தன.

அந்தத் தாளை நான் நம்பியதற்கும் ஒரு காரணம் உண்டு. என் தாத்தா ஒரு வெள்ளைக்காரத் துரையிடம் சமையல்காரராக இருந்தவர். துரை கப்பலேறும்போது, இவன் நாணயமானவன் என்று நாலு வரி எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார். அதைக் காட்டித்தான் தாத்தாவுக்கு மிஷன் பள்ளி விடுதியில் வேலை கிடைத்தது. அப்பா அங்கேயே படித்து அங்கேயே குமாஸ்தா ஆனார். திருநகரில் அப்பா வீட்டுக் கூடத்தில் இயேசு படத்துக்குக் கீழே அந்தத் தாள் இன்றும் கண்ணாடிச் சட்டத்தில் தொங்குகிறது. அதே நடையில், துரை எழுதிய வார்த்தைகளையே போட்டு, நஜீப்புக்கு எழுதினேன். எழுதும்போது எனக்குள் ஒரு பெருமிதம் இருந்தது என்பதையும் மறைக்க விரும்பவில்லை. தாத்தா வாங்கியதை நான் கொடுக்கிறேன் அல்லவா! இது செல்லுமா என்று யாரிடமும் விசாரிக்கவில்லை. விசாரித்தால் செல்லாது என்று சொல்லிவிடுவார்களோ என்ற பயம் அடிமனதில் இருந்தது.

"இது போதுமா?" என்றான் நஜீப்.

"தாராளமாப் போதும்" என்றேன்.

நாளையிலிருந்து வரவேண்டாம் என்று உள்ளூர்க்காரர்களிடம் சொல்லிவிட்ட அந்தச் சாயங்காலம், நஜீப் கடிதத்தை மடித்து மேல்சட்டையின் உள்பையில் வைத்துக்கொண்டான். கோட்டருகே வந்து கையை நெஞ்சில் வைத்தபோது அது அந்தத் தாளின் மேலேயே இருந்தது. ஆம்புலன்ஸ் பற்றி அவன் எதுவும் சொல்லவில்லை.

நான் மதுரை வந்து ஒரு மாதத்துக்குள் அவனுக்குப் பதில் வந்துவிட்டது. கையெழுத்திட்டவர் அமெரிக்கக் குடிமகன் அல்ல; விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது. டேலுக்கு எழுதினேன். அந்த மின்னஞ்சல் முகவரியே இப்போது இல்லை என்று திரும்பி வந்தது. சில வாரங்களில் அங்கே ஆட்சி கவிழ்ந்தது. விமான ஓடுதளத்தில் மனிதர்கள் ஓடுவதை ஸ்டெல்லா டிவியில் பார்த்து அழுதாள். நான் ஒவ்வொரு முகமாகத் தேடிக்கொண்டிருந்தேன்.

அன்று மாலை நஜீப் வாட்ஸப்பில் ஒரு படம் அனுப்பினான். பிளாஸ்டிக் உறைக்குள் என் கடிதம். ஆட்சியைப் பிடித்தவர்கள் வீடு வீடாகச் சோதனை போடுகிறார்கள், இதை வேறு யாரிடம் காட்டினால் உதவுவார்கள் என்று கேட்டிருந்தான். யார் கையிலாவது அது சிக்கினால், அமெரிக்கர்களிடம் வேலை பார்த்தான் என்பதற்கு என் கையெழுத்தே சாட்சி. முதல் முறையாக அவனிடம் உண்மையைச் சொன்னேன்: "நானும் உன்னை மாதிரி கூலிக்காரன்தான் நஜீப். என் கையெழுத்துக்கு அங்கே மதிப்பு இல்லை. டேலிடம் கேட்க எனக்குப் பயம். கேட்கவே இல்லை. அதை இப்போதே எரித்துவிடு."

வெகுநேரம் கழித்துக் குரல்பதிவு ஒன்று வந்தது. கோபமே இல்லை. கோபப்பட்டிருந்தால் எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

"ஆறு வருஷம் என்னைப் பார்த்துக்கிட்டே இருந்தது நீ ஒருத்தன்தான். நான் அங்கே இருந்தேன்னு சொல்ல இந்தத் தாளை விட்டா வேற என்ன இருக்கு?"

எரித்தானா என்று தெரியாது. அதற்குப் பிறகு நான் அனுப்பிய எல்லாவற்றுக்கும் ஒற்றை டிக்தான். வேறு நாடுகளிலும் முகாம்களை மூடப் போகிறார்கள் என்று செய்தி வரும்போதெல்லாம், அங்கே கேட்டருகே நிற்கும் யாரோ ஒருவன்தான் எனக்கு நினைவுக்கு வருகிறான். பெரிய நாடுகளின் படைகள் ஊர் திரும்புவதைப் பற்றி எல்லோரும் நிறையப் பேசுகிறார்கள். நான் கண்டது, உள்பையில் ஒரு செல்லாத தாளோடு வெளியே நடந்துபோன ஒரு பிளம்பரை மட்டும்தான்.

நாலு மணிக்குப் பாண்டி வேலையை முடித்துவிட்டுக் கை கழுவினார். வழக்கம்போல நானும் வாசல் கேட் வரை கூடப் போனேன். தெருவுக்கும் எங்கள் வீட்டுக்கும் நடுவே ஒரு சிமெண்ட் சரிவு உண்டு. அதன் விளிம்பில் என் கால் தானாக நின்றுவிட்டது. இது என் ஊர், என் தெரு. யாரும் என்னைத் தடுக்கப் போவதில்லை.

"போயிட்டு வாரேண்ணே" என்று பாண்டி வண்டியை உதைத்தார்.

என்னை அறியாமலே என் வலது கை நெஞ்சுக்குப் போயிற்று. தலை குனிந்தது. பாண்டி பதறிப்போய் வண்டியை நிறுத்திவிட்டு ஓடி வந்தார்.

"என்னண்ணே, நெஞ்சு வலிக்குதா? ஆஸ்பத்திரிக்குப் போவமா?"

இல்லை, இது விடைபெறும் முறை என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன்.

"ஆமா தம்பி" என்றேன். "வலிக்குது."