தினேஷ் அடித்த கோல்கள்

ஒபின்னா சொந்தப் பெயரில் கால்பந்து ஆட ஒன்பது வருஷம் பிடித்தது. அதுவரை ஆடாமல் இருந்தானா என்றால், அதுவும் இல்லை. நன்றாகவே ஆடினான்; நாற்பத்தேழு கோல் அடித்தான். ஆனால் பதிவேட்டைப் புரட்டினால் ஒரு கோல்கூட அவன் பெயரில் இருக்காது. அத்தனையும் எல். தினேஷ் அடித்தவை. அந்த தினேஷோ முதல் கோலுக்கு முன்பே செத்துப்போயிருந்தான்.

ஒபின்னாவின் அப்பா நைஜீரியாக்காரர், பெங்களூருக்கு பி.காம். படிக்க வந்தவர். அம்மா யசோதா அதே ஊரில் ஜோகுபாளையத்துத் தமிழ்ப் பெண், ஆஸ்பத்திரியில் ஆயா வேலை. மகனுக்கு மூன்று வயதானபோது ஊருக்குப் போய்விட்டு வருகிறேன் என்று கிளம்பிய மனிதர் போனவர்தான். பெயரையும் சுருட்டை முடியையும் நீளக் கால்களையும் மட்டும் விட்டுவிட்டுப் போனார். தெரு அவனை 'ஆப்பிரிக்கா' என்று கூப்பிட்டது. தமிழில் வம்பிழுத்தால் தமிழிலும் கன்னடத்தில் இழுத்தால் கன்னடத்திலும் வட்டியோடு திருப்பிக் கொடுக்கிறவன் எந்த ஊர்க்காரன் என்று அந்தத் தெருவுக்குத் தெரியாதாம்! தினேஷ் ஒருவன்தான் அவனை 'ஓபி' என்று கூப்பிட்டான்.

தினேஷ் நான்கு வீடு தள்ளி இருந்தான். தெருமுனையில் போண்டா வண்டி போடும் லட்சுமம்மாவின் ஒரே மகன், இடது கால் ஆட்டக்காரன். பதினேழு வயதில் இருவரையும் ஒரே நாளில் பேட்டை கிளப்பில் சேர்த்துக்கொண்டார்கள். தினேஷின் காகிதங்கள் தயாராகிவிட்டன. ஒபின்னாவின் பிறப்புச் சான்றிதழைப் பார்த்ததும் கிளப் செகரட்டரி கோவிந்தப்பா உதட்டைப் பிதுக்கினார். அப்பா என்ற இடத்தில் நைஜீரியா என்றிருந்தது. "ஃபாரினர் கணக்குல வருதுப்பா இது. அந்த எடம் ஃபுல்லு."

லீக் தொடங்க மூன்று வாரம் இருக்கும்போது பழைய மெட்ராஸ் ரோட்டில் லாரி ஒன்று தினேஷின் சைக்கிள்மேல் ஏறியது. அவன் செல்போனும் அதில் இருந்த படங்களும் அவனோடு போயின.

பதினாறாம் நாள் முடிந்ததும் கோவிந்தப்பா ஒபின்னாவைக் கூட்டிக்கொண்டு லட்சுமம்மா வீட்டுக்குப் போனார். "தினேஷ் பேர்ல காகிதமெல்லாம் இருக்குதும்மா. வீணாப் போகுது. இவன் ஆடட்டுமா?"

லட்சுமம்மா நெடுநேரம் ஒபின்னாவின் கால்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். "ஆடட்டும். எம் பையன் பேராவது கிரவுண்டுல ஓடட்டும்" என்றாள்.

அவனுக்கு மொட்டை அடித்துப் படம் எடுத்தார்கள். "மொட்டை அடிச்சா எல்லா மண்டையும் ஒண்ணுதான் குரு" என்று சிரித்துக்கொண்டே கோவிந்தப்பா லீக் கார்டில் இருந்த தினேஷின் படத்தைக் கிழித்துவிட்டு இந்தப் படத்தை ஒட்டினார். கிழித்ததை எங்கே போட்டார் என்று அவருக்கே ஞாபகம் இல்லை. லட்சுமம்மாவின் மகனுக்கென்று மிஞ்சியிருந்த ஒரே படம் அதுதான் என்பது அங்கிருந்த ஒருவருக்கும் உறைக்கவில்லை. பாவிகள்!

அதற்குப் பிறகு மேட்ச் நாட்களில் போண்டா வண்டி கிடையாது. ஆஸ்டின் டவுன் மைதானத்தில் லட்சுமம்மா மூன்றாவது படியில் ஒரே இடத்தில் உட்கார்ந்திருப்பாள். மைக்கில் "கோல்! தினேஷ்!" என்று கேட்டதும் எழுந்து நின்று கைதட்டுவாள். வருஷத் திதி வந்தது. பக்கத்து வீட்டு விஜி படையலைப் பற்றிக் கேட்டதற்குச் சீறி விழுந்தாள். "போன வாரந்தான் மைக்ல அவன் பேரு கேட்டுச்சு. அவனுக்கா படையல் போடச் சொல்றே? வாயைக் கழுவுடி!" அதற்குமேல் கேட்க யாருக்குத் துணிச்சல் வரும்?

ஒபின்னா பகலில் பார்சல் கிடங்கில் வேலை செய்தான், சாயங்காலம் பிராக்டிஸ், வார இறுதியில் மேட்ச். புதிதாக அணிக்கு வந்தவர்களுக்கு அவன் தினேஷ்தான். பஸ்ஸில் யாராவது "தினேஷ்" என்றால் திரும்பிப் பார்த்தான். இதெல்லாம் போகட்டும். மூன்றாவது சீசனில் ஒருநாள் பந்து குறுக்கே வந்தது. ஒபின்னா வலது கால்காரன். ஆனால் உதைத்தது இடது கால். பந்து வலைக்குள் போய் விழுந்தது. எல்லோரும் ஓடிவந்து கட்டிக்கொண்டார்கள். அவனுக்கோ தன் காலுக்குள் வேறு யாரோ நின்று உதைத்தது போல இருந்தது. வீட்டுக்குப் போய் அந்தக் காலைத் தேய்த்துத் தேய்த்துக் கழுவினான். பிறகு அது அடிக்கடி நடந்தது. யசோதாவிடம்கூட அவன் சொல்லவில்லை.

இருபத்தாறு வயதில் வெளியூர் கிளப் ஒன்று அவனைக் கேட்டது. பாஸ்போர்ட் வேண்டும் என்றார்கள்; செத்தவன் பெயரில் அது கிடைக்காது. இதை விட்டால் வேறு வாய்ப்பு வரப்போவதில்லை என்று அவனுக்குத் தெரியும். பார்சல் கொடுக்கப் போன இடத்தில் பழக்கமான ஸ்ரீரஞ்சனி என்ற வக்கீலிடம் போய் நின்றான். அவர் சான்றிதழைப் பார்த்துவிட்டுக் கேட்டார்: "ஒங்கம்மா இந்தியக் குடிமகள். நீ பொறந்தது தொண்ணூத்தெட்டுல, இதே ஊர்ல. பொறந்த அன்னைக்கே நீ இந்தியன்பா. இல்லேன்னு யார் சொன்னது?"

யாரும் சொல்லவில்லை. யாரும் கேட்கவும் இல்லை. கோவிந்தப்பா உதட்டைப் பிதுக்கினார், எல்லோரும் நம்பினார்கள், அவ்வளவுதான். அன்று ஒபின்னாவுக்கு வந்த ஆத்திரத்துக்கு எந்தச் சுவரில் முட்டிக்கொள்வது?

பாஸ்போர்ட் வந்தது. ஆனால் லீக் பதிவேட்டில் ஒரே முகம் இரண்டு பெயரில் இருக்க முடியாது, தினேஷின் பதிவை அடைத்தால்தான் புதுப் பதிவு. அதற்கு இறப்புச் சான்றிதழ் வேண்டும். "லீக் ஆபீஸ்ல யாரும் தேதியைப் பாக்காம நான் பாத்துக்கறேன். ஆனா காகிதம் அந்தம்மாகிட்ட இருக்குது. நீயே கேளு. எனக்கு மூஞ்சி இல்ல" என்று கோவிந்தப்பா கழன்றுகொண்டார்.

ஒபின்னா வண்டிக்குப் போனான். மூன்று போண்டா தின்றான். நாலாவதுக்குக் கை நீட்டினான்.

"என்னடா முழுங்கறே? கேக்க வந்ததைக் கேளு."

"அத்தே... தினேஷோட டெத் சர்ட்டிபிகேட்டு."

லட்சுமம்மா அடுப்பை அணைத்தாள். எண்ணெயில் பாதி வெந்த போண்டாக்கள் அப்படியே கிடந்தன. "இன்னொரு வாட்டி அவனைச் சாவடிக்கச் சொல்றியாடா?" என்றாள். அவன் தலை குனிந்தபடியே திரும்பி வந்தான். போகட்டும், எந்த கிளப்பும் வேண்டாம், தினேஷாகவே கிடந்து சாகிறேன் என்று அம்மாவிடம் சொல்லி அழுதான்.

நான்காம் நாள் காலையில் லட்சுமம்மாவே வந்தாள். மடித்த காகிதத்தை யசோதாவின் கையில் வைத்தாள். "ஒன் பையனுக்கு வெச்ச பேரு இருக்குதே, அதுவும் நாலு பேரு காதுல விழட்டும்" என்று சொல்லிவிட்டு, காப்பிகூடக் குடிக்காமல் போய்விட்டாள்.

வெளியூருக்குக் கிளம்புமுன் பேட்டை கிளப்புக்குக் கடைசியாக ஒரு மேட்ச். முதன்முறையாகச் சொந்தப் பெயர். "ஒபின்னா, ஒபின்னா" என்று பந்துக்காகக் கத்தினார்கள். வேறு யாரையோ கூப்பிடுவதுபோல அவன் ஓடிக்கொண்டே இருந்தான். அறுபதாவது நிமிஷம் பொறுமை இழந்த ஒருவன் "டேய் தினேஷ்!" என்று அலறினான். சட்டென்று திரும்பினான். இடது கால். கோல். மைக் "ஒபின்னா!" என்றது. இருபத்தாறு வருஷமாகக் காத்திருந்த அந்தச் சத்தம் காதில் விழும்போதே அவன் கண் மூன்றாவது படிக்குப் போனது. அங்கே யாரும் இல்லை.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை விஜி வந்து கூப்பிட்டாள். "ஒன்போது வருஷம் கழிச்சுப் படையல் போடறாங்க. ஒன்னை வரச் சொன்னாங்க." முகத்தை எங்கோ திருப்பிக்கொண்டு சொன்னாள்.

சுவரோரம் தலைவாழை இலை, சோறு, மீன் குழம்பு, தினேஷுக்குப் பிடித்த முட்டை போண்டா. மேலே பெரிதாக்கிய படம், மல்லிகை மாலை, குங்குமப் பொட்டு. ஒபின்னா நிமிர்ந்து பார்த்தான். மாலைக்குள்ளிருந்து மொட்டைத் தலையோடு அவனைப் பார்த்துக்கொண்டிருந்தது அவனேதான்.

"அத்தே, இது..."

"தெரியும்டா. கார்டுல இருந்ததை நாந்தான் எடுத்துப் பெருசு பண்ணச் சொன்னேன்." லட்சுமம்மா முந்தானையால் படத்தின் கண்ணாடியைத் துடைத்தாள். "அவன் மூஞ்சி எனக்கு மறந்துபோச்சு. பெத்தவளுக்கு மறந்துபோச்சுடா. கண்ணை மூடி தினேஷுன்னு நெனைச்சா நீதான் ஓடி வர்றே. நான் என்ன பண்ணுவேன் சொல்லு? வேணாம்னா கழட்டிடறேன்."

ஒபின்னா தினேஷின் முகத்தை நினைத்துப் பார்த்தான். 'ஓபி' என்ற குரல் வந்தது. இடது கால் வந்தது. முகம் வரவில்லை.

"இருக்கட்டும் அத்தே" என்றான்.

லட்சுமம்மா கற்பூரம் காட்டினாள். படைத்த இலையை நகர்த்தி அவன் முன்னால் வைத்தாள். "ஆறிடும், சாப்பிடு."

அவன் மாலை போட்ட தன் படத்துக்கு எதிரே சம்மணம் போட்டு உட்கார்ந்து, தினேஷின் சோற்றைச் சாப்பிட்டான்.